மரம் எண்ண வந்தவன் எழுதுகிறேன்

எக்கா,

வருகிற வெள்ளிக்கிழமையோடு அம்மா போய் நாலு வருஷம். யார் யாரைக் கூப்பிட்டிருக்கிறாய், சாப்பாட்டுக்கு யாரிடம் சொல்லியிருக்கிறாய் என்பதெல்லாம் சித்தி சொல்லித் தெரியும். அம்மாவின் நாளுக்கு என்னை யாரும் அழைக்க வேண்டியதில்லை, சரிதான். ஆனாலும் போனில் உன் பெயர் வருமா என்று பத்து நாளாகப் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறேன்.

இதை உனக்குத் தனியாக அனுப்பினால் திறக்க மாட்டாய். இங்கே எழுதினால் உன் மகன் படிப்பான், படித்துவிட்டு அடுக்களையில் உன் பின்னாலேயே நின்று வாசித்தும் காட்டுவான். நம் ஆட்கள் வேறு சிலரும் படிப்பார்கள் என்று தெரியும். அதனால் பாகம், பத்திரம் என்று போனதை எல்லாம் இங்கே தொடப்போவதில்லை. அது நமக்குள் இருக்கட்டும்.

நான் சொல்ல வந்தது ஒரு ஆங்கிலச் சொல்லைப் பற்றி. மொழிபெயர்க்க வந்த ஒரு குடும்பக் கதையில் அது நடுவில் வந்து நின்றுவிட்டது, மூன்று நாள் என்னை நகர விடவில்லை. ரேங்கிள். ஆர், ஏ, என், கே, எல், ஈ. நீ மரச்சீனிக்குத் தொலி சீவிக்கொண்டே, லிஃப்கோ அகராதியை என் மடியில் தூக்கிப் போட்டு, அர்த்தத்தை மட்டும் பார்த்துவிட்டு மூடாதே, எப்படி உபயோகிக்கிறார்கள் என்றும் பார் என்று சொல்வாயே, அதே மாதிரிதான் இதையும் பார்த்தேன். அகராதியில் கசப்பு, எரிச்சல், மனத்தாங்கல் என்று போட்டிருக்கிறார்கள். தப்பில்லை, ஆனால் போதாது. அன்றைக்கு வந்த கோபத்துக்கு இந்தச் சொல் பொருந்தாது. கத்தித் தீர்த்துக்கொண்ட சண்டைக்கும் பொருந்தாது. நடந்து முடிந்து, எல்லாரும் மறந்துவிட்டார்கள் என்று நினைக்கிற காலத்துக்கு அப்புறமும் உள்ளே வேலை செய்துகொண்டிருக்கிறதே, அதற்குத்தான். அதனால்தான் 'ஸ்டில்' என்ற சொல் அடிக்கடி இதன் பக்கத்தில் வந்து உட்காருகிறது. இன்னும், இன்னும் என்று.

இன்னொன்றும் கவனித்தேன். இந்த வினைக்குப் பெரும்பாலும் ஆள் எழுவாயாக வருவதில்லை. தோற்றுப்போனது ரேங்கிள் ஆகும், யாரோ சொன்ன பேச்சு ரேங்கிள் ஆகும், கிடைக்க வேண்டிய மரியாதை கிடைக்காமல் போனது ரேங்கிள் ஆகும். சொன்ன ஆள் அந்த வாக்கியத்தில் இல்லாமலே போய்விடுகிறார். சொல் மட்டும் தனியாக நின்று வேலை செய்கிறது. இதைப் படித்தபோது உன்மேல் இருந்த கோபம் ஒரு நிமிஷம் எங்கே போய் நிற்பது என்று தெரியாமல் தடுமாறியது, உண்மையைச் சொல்கிறேன்.

சுமார் எழுநூறு வருஷத்துக்கு முன் பழைய பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்துக்கு வந்த சொல் இது. அப்போது மனசுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. புண் சீழ் பிடிப்பதைத்தான் அப்படிச் சொன்னார்கள். அதற்கும் பின்னால் போனால் லத்தீனில் டிராகன்குலுஸ், குட்டி டிராகன், சின்னப் பாம்பு. நரம்புச்சிலந்திப் புழுவுக்கு விஞ்ஞானிகள் வைத்த பெயரிலும் இதே லத்தீன் சொல்தான் இருக்கிறது. கெட்ட தண்ணீரைக் குடித்தால் அந்தப் புழு உடம்புக்குள் போய், சுமார் ஒரு வருஷம் கழித்துத்தான் காலில் கொப்புளமாகத் தலைகாட்டுமாம். இழுத்து எடுத்துவிட முடியாது, அறுந்துவிடும், அறுந்தால் வீங்கிப் பழுத்துவிடும். ஒரு சின்னக் குச்சியில் சுற்றிச் சுற்றி, தினம் கொஞ்சமாக, பல நாள் எடுப்பார்களாம். 1996 ஜூலையில் ராஜஸ்தானில் வந்ததுதான் நம் நாட்டில் கடைசி. 2000இல் இந்தியாவில் அந்த நோயே இல்லை என்று அறிவித்துவிட்டார்கள். இதைப் படித்துவிட்டு ராத்திரி வெகுநேரம் தூங்காமல் கிடந்தேன். என்றைக்கோ குடித்த தண்ணீர், எந்தக் கிணறு என்றுகூட மறந்துபோயிருக்கும்.

ரேங்கர் என்று இன்னொரு சொல் இருக்கிறது, பகை, குரோதம் என்று அர்த்தம். ஒலியைக் கேட்டால் கூடப்பிறந்தது மாதிரி இருக்கும், ஆனால் வேர் வேறு. அது நாற்றத்திலிருந்து வந்தது. வெயிலில் வைத்து மறந்த தேங்காயெண்ணெய் காறல் அடிக்குமே, அந்த வேர். நமக்குள் இருக்கிறது அது இல்லை எக்கா. உன்னை நினைத்து எனக்கு ஒருநாளும் அந்தக் காறல் வந்ததில்லை. இதை நீ நம்ப வேண்டும்.

தமிழில் என்ன போடுவது என்றுதான் குழப்பம். உறுத்தல் என்று போட்டேன், செருப்பில் மாட்டிய கல் மாதிரி லேசாக இருந்தது. வன்மம், கறுவுதல் இரண்டிலும் பழிவாங்கும் எண்ணம் வந்துவிடுகிறது. கூட வேலை செய்கிறவர் 'நாவினால் சுட்ட வடு' என்ற குறளை எடுத்துக்கொடுத்தார். யாருக்கும் முதலில் தோன்றுவது அதுதான். எனக்குத் தயக்கமாக இருந்தது. வடு என்றால் மூடிப்போனது, தழும்பாக நின்றது, தொட்டால் வலிக்காது. இந்த ஆங்கிலச் சொல் சொல்வது மூடாததை. இல்லை, மேலே மூடி உள்ளே மூடாததை. அதற்கு நம்மிடம் புரையோடுதல் என்று சரியான சொல் இருக்கிறது, ஆனால் பத்திரிகைக்காரர்கள் அதை ஊழலுக்கு எழுதிக் கொடுத்துவிட்டார்கள்.

புரையோடுதல் என்ற சொல்லை நான் முதலில் காதால் கேட்டது உன்னிடம்தான். அம்மாவின் வலது காலில், சுண்டுவிரலுக்குக் கீழே. சர்க்கரைப் புண். மேல்தோல் மூடியிருக்கிறதே, ஆறிவிட்டதே என்று நான் போனில் போட்டோவைப் பார்த்துச் சொன்னேன். "மேல மூடிட்டா உள்ள போயிரும் மக்கா. அடியில இருந்து ஆறி வரணும்" என்றாய். தினமும் நீதான் துணி மாற்றினாய். அதற்கு மேல் நான் எழுதத் தேவையில்லை, அந்த வருஷங்கள் உனக்குத் தெரியும், எனக்குத்தான் தெரியாது.

எனக்குத் தெரிந்தது ஒக்கி புயல் வந்த அந்த வாரம். 2017 நவம்பர் 30 காலையிலிருந்து உன் போன் கிடைக்கவில்லை. நான் கிளம்பி வந்து சேர்ந்தது நாலாவது நாள். மார்த்தாண்டம் வரை பஸ், அங்கிருந்து ஒரு வேன், அருமனைக்கு அப்புறம் ரோட்டில் மரம் மரமாகக் கிடந்ததால் ஏழு கிலோமீட்டர் நடை. நடந்து வந்தாயா என்று நீ அன்றும் கேட்கவில்லை, இன்றுவரை கேட்கவில்லை. ஜங்ஷனில் நம்ம ஊர்ப் பையன் ஒருவன் நிறுத்தி, அண்ணே, கணக்கெடுக்க ஆள் வருவாங்க, அதுக்கு முன்னால வெட்டி மாத்திட்டா ஒண்ணும் கிடைக்காது, போய் எண்ணி போட்டோ எடுத்து வையுங்க என்றான். வீட்டுக்குப் போகிற வழியில்தானே நம் ரப்பர் விளை. ஏறினேன்.

அப்பா வைத்த நூத்தஞ்சு ரக ரப்பர் மரம் அத்தனையும். பாதிக்குப் பாதி இடுப்புயரத்தில் முறிந்து, கையாலையைத் தாண்டி அடுத்த விளைக்குள் தலை வைத்துக் கிடந்தன. முறிந்த இடத்தில் பால் வழிந்து, மழையில் கரைந்து, மீதி உறைந்து தொங்கிக்கொண்டிருந்தது. சிரட்டைகள் சேற்றில் கவிழ்ந்து கிடந்தன. நான் எண்ணினேன். 43. ஒவ்வொன்றுக்கும் போட்டோ எடுத்தேன். கரையோர ஊர்களில் கடலுக்குப் போன ஆட்களைத் தேடிக்கொண்டிருந்த அதே நாட்களில், நான் மரத்துக்கு நம்பர் போட்டுக்கொண்டிருந்தேன்.

நீ கையாலைப் பக்கம் வந்து நின்றதை நான் பார்க்கவில்லை. "நீ மரத்த எண்ண வந்தியாலே, அம்மைய பாக்க வந்தியா?" என்று சத்தம் கேட்டுத்தான் திரும்பினேன். பக்கத்து விளையில் நாலு பேர் நின்றார்கள். நான் என்னவோ சொன்னேன். நிவாரணம் என்றோ கணக்கு என்றோ. நீ ஒன்றும் பேசாமல் என் போனுக்குக் கையை நீட்டினாய். அத்தானுக்கு நாலு நாளாக நீ உயிரோடு இருக்கிறாயா என்று தெரியாது, சவுதியில் அவர் எப்படி இருந்திருப்பார். என் போனில் அப்போது சார்ஜ் ஒன்பது சதவீதம் இருந்தது. மீதியை நான் மரங்களுக்குச் செலவழித்திருந்தேன்.

நீட்டிய அந்தக் கையைத்தான் நான் சொல்ல வந்தேன். மின்சாரம் இல்லை, மோட்டார் ஓடாது, நாலு நாளாக நீ கிணற்றில் கயிறு போட்டுத் தண்ணீர் இறைத்திருக்கிறாய், அம்மாவுக்கு, மாட்டுக்கு, வீட்டுக்கு. பெருவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் தோல் முழுசாக உரிந்து சிவப்பாக இருந்தது. உள்ளங்கையில் மூன்று கொப்புளம், ஒன்று உடைந்து, ஓரத்தில் தென்னங்கயிற்றின் நார் ஒன்று ஒட்டியிருந்தது. நான் பார்த்தேன் எக்கா. பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் போனைக் கொடுத்தேன். என்ன ஆச்சு கைக்கு என்று ஒரு வார்த்தை. அதைக் கேட்டால் நீ சொன்னது சரி என்று ஆகிவிடும் என்று ஒரு வீம்பு. மன்னிப்புக் கேட்க வேண்டியது அதற்குத்தான். மரம் எண்ணியதற்கு இல்லை. மரம் எண்ணியது தப்பு என்று இன்றைக்கும் நான் நினைக்கவில்லை. யாராவது ஒருவர் எண்ணத்தான் வேண்டும், அந்தப் பணத்தில்தான் அடுத்த மாசம் அம்மாவுக்கு மருந்து வாங்கினோம், நீயும் வாங்கினாய்.

பார், மன்னிப்புக் கேட்க உட்கார்ந்தேன், எங்கே வந்து நிற்கிறேன்.

நீ சொன்னது அன்றோடு போயிருந்தால் போயிருக்கும். நான் கோபத்தில் சொல்வதில்லையா. ஆனால் அந்த நாலு பேர் அதை எடுத்துக்கொண்டு போனார்கள். அம்மாவை எடுத்த அன்று முற்றத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்த ஒருவர், யார் என்று இங்கே எழுதப்போவதில்லை, உனக்குத் தெரியும், மரம் எண்ணுனவன் வந்தாச்சா என்று கேட்டார். நீ நடையில் நின்றாய். உன் காதில் விழுந்தது. நீ உள்ளே போய்விட்டாய். அழுகையில் இருந்தாய், அன்றைக்கு யாரோடு வாதாடுவாய் என்று எத்தனையோ தடவை எனக்கு நானே சொல்லிப் பார்த்துவிட்டேன். ஆனாலும் நீ ஒரு தடவை திரும்பி, அவன் நடந்து வந்தவன் என்று சொல்லியிருக்கலாம். மாசாமாசம் அனுப்பியவன், லீவு கிடைக்காமல் ஆபீஸ் மாடிப்படியில் நின்று அழுதவன் என்றெல்லாம் சொல்ல வேண்டாம். நடந்து வந்தவன் என்று மட்டும்.

ஷேக்ஸ்பியரின் இரண்டாம் ரிச்சர்டு நாடகத்தில், நாடு கடத்தப்படுகிற மகனிடம் அப்பா பேசுகிற இடத்தில் இந்தச் சொல் வருகிறது. துக்கத்தின் பல் கடித்துவிட்டுப் புண்ணைக் கீறிவிடாமல் போனால்தான் அதிகமாகச் சீழ் பிடிக்கும் என்கிற மாதிரி. நீ அம்மாவின் காலைப் பற்றிச் சொன்னதும் இதுதானே. நீ கல்லூரியை ரெண்டாம் வருஷத்தோடு நிறுத்தினாய், என்னைப் படிக்க அனுப்பினார்கள். அந்த நாடகத்தை நான் பாடமாகப் படித்தேன், பரீட்சையில் எழுதி மார்க்கும் வாங்கினேன். புரிந்தது இப்போதுதான்.

ஒரு சமயம் என் பங்கை முழுசாக உனக்கு எழுதிக் கொடுத்துவிடலாம் என்று விடுதலைப் பத்திரம் வரைக்கும் யோசித்தேன். அப்புறம் இப்போ சொல்லு, நான் எதை எண்ண வந்தேன் என்று உன்னிடம் கேட்பதுபோல ஒரு காட்சி மனசில் ஓடியது. அந்தக் காட்சி எனக்குப் பிடித்திருந்தது. அதனால்தான் விட்டுவிட்டேன். அப்படிக் கொடுத்தால் அது உனக்கு இன்னொரு கொப்புளம். சரி, தொடமாட்டேன் என்று சொன்னதைத் தொட்டுவிட்டேன், இருக்கட்டும்.

அந்தக் கதையில் கடைசியில் 'அவளுக்கு அது இன்னும் ஆறவில்லை' என்று போட்டேன். சின்ன வாக்கியம். காபியும் ஆறும், புண்ணும் ஆறும், மனசும் ஆறும், எல்லாவற்றுக்கும் நம்மிடம் ஒரே சொல்தான். எடிட்டர் ஒத்துக்கொண்டார். உனக்கு வேறு நல்ல சொல் தோன்றினால் சொல், அச்சுக்குப் போக இன்னும் நாள் இருக்கிறது.

வியாழக்கிழமை ராத்திரி அனந்தபுரி ரயிலில் ஏறுகிறேன். குழித்துறையில் இறங்கி ஆட்டோ பிடிப்பேன். விளைப் பக்கம் திரும்பாமல் நேராக வீட்டுக்குத்தான் வருவேன். புறவாசல் கதவைத் திறந்து வை.