பழைய சிறுவர் இல்லங்களுக்குச் சீமெந்து பூசாதீர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

திருகோணமலையில் முன்பு சிறுவர் இல்லமாக இருந்த பழைய கட்டடமொன்றை விடுதியாகவோ அலுவலகமாகவோ மாற்ற முனைவோர் முதலில் செய்வது, பழைய பூச்சை முழுதாகக் கொத்தி எறிந்துவிட்டுச் சீமெந்து பூசுவதுதான். கேடு அங்கேயே தொடங்குகிறது.

சாவி முனையால் பூச்சைச் சுரண்டிப் பாருங்கள். மாவாக உதிர்ந்தால் சுண்ணாம்பு. வெறும் கீறல் விழுந்தால் சீமெந்து. சுண்ணாம்புச் சாந்தில் கட்டிய பழைய சுவர்களுக்கு அடியில் பெரும்பாலும் ஈரத்தடை கிடையாது. நிலத்து ஈரம் உவரோடு மேலேறிப் பூச்சு வழியாக ஆவியாகிவிடும். சீமெந்து அந்த வழியை அடைக்கிறது. ஈரம் இன்னும் உயரே ஏறும், உப்புப் பூத்துப் பூச்சைத் தள்ளும், சுவருக்குள் செருகிய வளைகளின் (கூரையைத் தாங்கும் குறுக்கு மரங்களின்) தலை உக்கும், பிறகு கறையான். பிளாஸ்டிக் பெயின்ற் அடித்து மறைப்பதும் இதே தவறுதான்.

கழன்ற இடத்தை மட்டும் கொத்தினால் போதும். தட்டும்போது பொள்ளென்று கேட்கும் இடமே கழன்ற இடம். புதுச் சாந்துக்கு, நீற்றித் தண்ணீரின் கீழ் மூன்று மாதமாவது ஊறவிட்ட சுண்ணாம்புக் களி ஒரு பங்கு, உப்பில்லாத ஆற்றுமணல் மூன்று பங்கு. மண்வெட்டிக் கணக்கில் அல்ல, பெட்டியால் அளந்து. கடல்மணல் கூடவே கூடாது. சுவரை நனைத்து, ஒரு தடவைக்கு 10 மில்லிமீற்றருக்கு மேற்படாமல் பூசி, ஈரச்சாக்குத் தொங்கவிட்டு ஒரு கிழமையாவது வைத்திருந்த பின்பே அடுத்த பூச்சு. தடிப்பாக அப்பினால் வெடிக்கும். மாசி முதல் சித்திரை வரை வேலைக்கு நல்ல காலம். கச்சான் என்னும் வறண்ட தென்மேற்குக் காற்றில் சாந்து இறுகுமுன் காய்ந்து தூளாகும். மாரியில் இறுகவே மாட்டாது. ஆண்டு முடிவதற்குள் நிதியைச் செலவழிக்கக் கார்த்திகையில் வேலையைத் தொடங்குவதைவிடத் தொடங்காமலே விடலாம்.

கூரையைக் கழற்றும்போது ஓட்டின் அடிப்புறத்து முத்திரையைக் குறித்துக்கொள்ளுங்கள். மங்களூரில் பாசல் மிஷன் என்ற சுவிஸ் கிறித்தவ சபையின் ஓட்டுத் தொழிற்சாலை தொடங்கியது 1865இல். அந்த முத்திரையுள்ள ஓடு அதற்கு முந்தியதாக இருக்க முடியாது. இரும்பு வளையில் 'டோர்மன் லோங்' என்ற ஆங்கிலேய உருக்குக் கம்பனியின் பெயரிருந்தால் 1875க்குப் பிந்தியது. சுவர் இவற்றைவிடப் பழையதாகவும் இருக்கலாம். 1942 ஏப்ரல் 9இல் ஜப்பானியர் குண்டுவீச்சு, 1964 டிசம்பர் சூறாவளி, 2004 ஆழிப்பேரலை என்று கூரை மாற்றுவதற்கு இந்த ஊரில் காரணங்களுக்குக் குறைவில்லை.

சிறுவர் இல்லம் என்பதை முகப்பைவிட உள்ளமைப்பே காட்டும்: நீண்ட படுக்கை மண்டபம், எதிரெதிர் யன்னல்கள், இறவாரத்தின் கீழ் காற்றுத் துவாரங்கள், பொறுப்பாளர் அறையிலிருந்து மண்டபத்தைப் பார்க்கும் சின்ன யன்னல், பிள்ளைகளின் கைக்கெட்டும் உயரத்தில் கொளுக்கிகள், கிணற்றடியில் தாழ்ந்த தொட்டி. முதலில் இடிபடுபவையும் இவையே. மண்டபத்தைப் பலகையால் தடுத்து அறைகளாக்கினால் காற்றோட்டம் போகும். ஏசி பூட்டினால் குளிர்ந்த சுவரில் ஈரம் படியும். எதைத் தொடுவதற்கு முன்னரும் 1:50 அளவில் வரைபடம் எடுத்துவையுங்கள்.

அலுமாரிகளில் பழைய சேர்வு இடாப்புகள் (இல்லத்தில் சேர்ந்த பிள்ளைகளின் பதிவேடுகள்) கிடந்தால் எரிக்க வேண்டாம். பெற்றாரைத் தேடி வரும் ஒருவருக்கு அதுவே ஒரே தடயமாக இருக்கலாம். நன்னடத்தை, சிறுவர் பராமரிப்புத் திணைக்களத்திடம் ஒப்படையுங்கள். கண்காட்சிக்கு வைத்துப் பெயர்களை வெளிப்படுத்துவதும் சரியல்ல.

நூறாண்டு கடந்த கட்டடத்தைத் தொல்பொருள் கட்டளைச் சட்டத்தின் கீழ் பாதுகாக்கப்பட்டதாக அறிவிக்க வழியுண்டு. அது வரும்வரை காத்திராமல், கேள்விப்பத்திரத்திலேயே 'சுண்ணாம்புப் பூச்சு' என்று தனி வரி சேர்க்க உரியவர்கள் ஆவன செய்யவேண்டும். அந்த வரி இல்லையென்றால் மேசன் சீமெந்துப் பையைத்தான் உடைப்பார். அவரைக் குறை சொல்ல முடியாது.

வாசகர்கள்,
உவர்மலை, திருகோணமலை