காற்றுக்கண்ணி யாருக்குச் சொந்தம்?

அன்புள்ள மக்கா,

உன் கடிதம் கிடைத்தது. அம்மாவின் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது என்று படித்ததும்தான் நிம்மதி. இங்கே சாரல் விட்டபாடில்லை. குலசேகரம் பக்கம் ரப்பர் பால்வெட்டு நின்றுபோய்க் கிடக்கிறது, தம்பி வானத்தைப் பார்த்தபடி உட்கார்ந்திருக்கிறான். மகளுக்குத் திருவனந்தபுரத்தில் வேலை கிடைத்துவிட்டது, காலை ரயிலில் போய் இரவு வருகிறாள். வீட்டுச் செய்தி இவ்வளவுதான்.

என் நாவலில் வரும் மாயச் செடியைப் பற்றிக் கேட்டிருந்தாய். மூலிகை என்றால் எல்லா நோயையும் தீர்க்கும்படி வைக்க வேண்டியதுதானே, மருந்துவாழ் மலை அடிவாரத்தில் வளர்ந்தவனுக்கு இதில் என்ன யோசனை என்று எழுதியிருந்தாய். அனுமன் தூக்கிப் போன சஞ்சீவி மலையின் ஒரு துண்டு விழுந்துதான் அந்த மலை ஆனது என்று கேட்டு வளர்ந்தவர்கள்தான் நாம். ஆனால் சாவையே தடுக்கும் செடியை ஒரு கதைக்குள் நட்டுவிட்டால், அப்புறம் அந்த உலகத்தில் யாரும் எதையும் இழக்க மாட்டார்கள். பயமும் இருக்காது, காத்திருப்பும் இருக்காது. அப்படிப்பட்ட செடி எனக்கு வேண்டாம்.

நான் வைத்திருக்கும் செடிக்குப் பெயர் காற்றுக்கண்ணி. தொழுகண்ணி, அழுகண்ணி வரிசையில் அதுவும் ஒன்றாக இருக்கட்டும் என்று ஆசை. அந்த இரண்டும் நிஜச் செடிகள், அவையே பாதி மாயம்தான். தொழுகண்ணியின் பெரிய இலைக்கு அடியில் இருக்கும் குட்டி இலைகள், வெயில் ஏறினால் கண்ணுக்குத் தெரியவே அசையும். அழுகண்ணியின் இலையில் நிற்பது பனித்துளி என்று நினைத்து உட்காரும் பூச்சி ஒட்டிக்கொண்டு, அதற்கே இரையாகிவிடும். இப்படிப்பட்ட செடிகள் இருக்கிற மண்ணில் பிறந்துவிட்டு, கற்பனைச் செடிக்கு வெளியூர் போகத் தோன்றவில்லை.

காற்றுக்கண்ணி ஒரு மலைக் கணவாயின் பாறை இடுக்குகளில் மட்டும் முளைக்கும். ஆரல்வாய்மொழிக் கணவாயை அப்படியே எடுத்துக்கொண்டேன். ஆனி, ஆடியில் அந்த வழியாகப் புகுந்து வரும் காற்று எப்படி இருக்கும் என்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. முப்பந்தல் காற்றாலைகள் எல்லாம் அதை நம்பித்தானே நிற்கின்றன. என் செடியின் காய் முடக்கத்தான் காய் போல உப்பியிருக்கும். வீசும் காற்றைக் குடித்துக் குடித்து அது நிறையும். காயை உடைத்தால் எந்தக் காற்றைக் குடித்ததோ அந்தக் காற்றே வெளியே வரும். மேற்கிலிருந்து வீசும் கச்சானில் நிறைந்த காய் கச்சானைத்தான் தரும், கிழக்கிலிருந்து வரும் கொண்டலைத் தராது.

இந்த ஒரு விதியைப் போட்டதும் கதை தானாகக் கிளை விட்டது. நான் படைத்த ஏழுவாயில் நாட்டில் கடல் கிழக்கே இருக்கிறது. வள்ளக்காரர்கள் கடலுக்குள் போகக் கச்சான் காய் வேண்டும், கரை திரும்பக் கொண்டல் காய் வேண்டும். ஆனால் கணவாயின் வாய் மேற்கே பார்த்திருப்பதால் கச்சான் காய் மலிவாகக் கிடைக்கும், கொண்டல் காய் மார்கழியில் எங்காவது ஒன்றிரண்டு நிறைந்தால் உண்டு. ஆக, போவதைவிடத் திரும்பி வருவதற்குத்தான் விலை அதிகம். வசதியில்லாதவன் போகும் காயை மட்டும் வாங்கிக்கொண்டு, தெய்வத்தை நம்பிப் புறப்பட்டுவிடுவான். 2017 நவம்பர் 30இல் ஒக்கி புயல் அடித்த பிறகு சின்னத்துறையிலும் வள்ளவிளையிலும் கடலைப் பார்த்து நின்றவர்களை நினைக்காமல் இந்த அத்தியாயத்தை என்னால் எழுத முடியவில்லை, மக்கா. எழுதி முடித்து இரவு தூங்கவும் முடியவில்லை.

இன்னொன்றும் இருக்கிறது. கணவாய் முழுக்கச் செடி அடர்ந்து நின்றால், அதற்குக் கிழக்கே உள்ள வயலுக்கு வரும் காற்று அடங்கித்தான் வரும். வாழை நிற்கும், நெல் சாயாது. வள்ளக்காரர்கள் கூடுதலாகக் காய் கேட்கக் கேட்க, கணவாய் மொட்டையாகிறது. காற்று நேரே வயலில் இறங்குகிறது. குலை தள்ளிய வாழை ஒரே ராத்திரியில் படுத்தால் ஒரு வீட்டில் என்ன நடக்கும் என்று நாம் பார்த்திருக்கிறோமே. இதில் யாரைக் கெட்டவன் என்று சொல்ல? எனக்கு இரண்டு பக்கமும் சொந்தக்காரர்கள்போலத் தெரிகிறார்கள்.

நடுவே முகட்டார் என்ற மலைச்சனம். எந்தக் கொடியில் கை வைக்கலாம், எதை விதைக்கு விட வேண்டும் என்று அவர்களுக்குத்தான் தெரியும். இவர்களை எழுதும்போது அகத்தியர் மலைப் பழங்குடிகளான காணி மக்கள்தான் மனதில் இருந்தார்கள். ஆரோக்கியப்பச்சை விஷயம் உனக்கு நினைவிருக்கும். 1987இல் அகத்தியர் மலையில் விஞ்ஞானிகள் களைத்துப்போக, கூட வந்த காணிகள் ஒரு செடியின் காயைத் தின்றுகொண்டு சளைக்காமல் நடந்தார்கள். அந்தச் செடியின் இலையிலிருந்து கேரளத்துப் பாலோட்டில் உள்ள ஆய்வு நிறுவனம் ஜீவனி என்ற மருந்தை உருவாக்கியது. உரிமத் தொகையிலும் ராயல்டியிலும் பாதி காணிகளுக்கு என்று முடிவானது, 1997இல் அதற்கென ஓர் அறக்கட்டளையும் வந்தது. அறிவு கொடுத்தவர்களுக்குப் பங்கு என்பது அன்றைக்குப் பெரிய விஷயம், அதை நான் மதிக்கிறேன். ஆனால் காட்டுக்குள் அந்தச் செடியை வளர்த்து இலை பறிக்க அனுமதி என்று வந்தபோது சிக்கலும் வந்தது. ரகசியத்தைச் சொன்னவர்கள் சொந்த மலையிலேயே கேட்டுப் பறிக்க வேண்டிய நிலை. மாயச் செடி எழுதுகிறவன் அதன் மாயத்தோடு சேர்த்து, அதைப் பறிக்கும் உரிமை யாரிடம் இருக்கிறது என்றும் எழுத வேண்டும். அதை விட்டுவிட்டால் அந்த உலகம் பாதிதான்.

அரண்மனைக்காரர்கள் செடியை வேரோடு பெயர்த்துக் கொண்டுபோய் மதில் சூழ்ந்த தோட்டத்தில் வைக்கிற பகுதியை முடித்துவிட்டேன். காற்று புகாத இடம், கொடி செழிக்கிறது, காய் மட்டும் சப்பையாகவே தொங்குகிறது. அது நன்றாக வந்திருக்கிறது என்று நினைக்கிறேன்.

இப்போது முட்டிக்கொண்டு நிற்பது கடைசிப் பகுதியில். கணவாயில் ஒரே ஒரு கொண்டல் காய் மிச்சம். அதுதான் விதைக்காயும். அண்ணனைக் கடலில் விட்டுவிட்டு வந்து நிற்கும் பெண்ணிடம் முகட்டார் கிழவி, பறிப்பதும் விடுவதும் உன் இஷ்டம் என்கிறாள். அவளைப் பறிக்க விடவா? என் மனைவி பறிக்கட்டும் என்கிறாள், மகள் கூடாது என்கிறாள். உன் அப்பா வள்ளத்தில் போனவர், உன் மாமன் வீட்டில் வாழை. நீ சொல்வதை வைத்துத்தான் எழுதப்போகிறேன். கையெழுத்துப் பிரதியைத் தனியாக அனுப்புகிறேன், ஓணத்துக்கு முன்னால் படித்துவிட்டுப் பதில் போடு.

அன்புடன்,
உன் பழைய பக்கத்து பெஞ்சுக்காரன்