180 நாள் ஜாமீன் கிடையாதா? எடையைப் பார்த்து எழுதுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

கொடைக்கானலில் 1 கிலோ 200 கிராம் கஞ்சாவுடன் ஓர் இளைஞர் பிடிபட்டதாகச் சென்ற வாரம் செய்தி போட்டிருந்தீர்கள். அதன் கடைசி வரி: “போதைப்பொருள் வழக்கு என்பதால் 180 நாட்களுக்கு ஜாமீன் கிடைக்காது.” இது தவறு. சட்டம் தெரிந்தவர்கள் உங்களிடம் இல்லாமல் இல்லை. யாராவது போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் (NDPS) 37ஆவது பிரிவை ஒருமுறை புரட்டியிருக்கலாம்.

ஜாமீனுக்குக் கடும் தடை போடும் அந்தப் பிரிவு, 2001 திருத்தத்துக்குப் பிறகு எல்லா வழக்குக்கும் பொருந்துவதில்லை. வணிக அளவுக்கும், கடத்தலுக்குப் பணம் கொடுப்பது போன்ற சில குற்றங்களுக்கும் மட்டும்தான். கஞ்சா 1 கிலோவுக்குக் கீழே என்றால் சிறு அளவு. 20 கிலோவைத் தாண்டினால் வணிக அளவு. நடுவில் உள்ளதற்கு 10 ஆண்டு வரை தண்டனை உண்டு என்றாலும், ஜாமீன் மனுவை நீதிபதி மற்ற வழக்குகளைப் போலத்தான் பார்ப்பார். வணிக அளவில்தான் நிலைமை வேறு. அரசு வக்கீல் எதிர்த்தால், இவர் குற்றவாளி அல்ல என்று நம்ப நியாயமான காரணம் இருக்கிறது, வெளியே வந்தால் குற்றம் செய்யமாட்டார் என்ற இரண்டிலும் நீதிபதிக்குத் திருப்தி வர வேண்டும்.

180 நாள் என்பது ஜாமீன் தடையே அல்ல. வணிக அளவு வழக்கில் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்யப் போலீசுக்குள்ள கெடு அது. அரசு வக்கீல் காரணம் காட்டி அறிக்கை கொடுத்தால் ஓராண்டு வரை நீட்டிக்கலாம். நீட்டிக்காமல் கெடு முடிந்தால் ஜாமீன் உரிமையாகிறது. அப்போது 37ஆவது பிரிவு குறுக்கே வராது. ஆனால் குற்றப்பத்திரிகை வருவதற்கு முன்பே மனு போட்டுவிட வேண்டும். ஒரு நாள் தவறினாலும் போச்சு.

காளான் விஷயத்தில் உங்கள் செய்திகள் இன்னும் மோசம். மலையில் ஒவ்வொரு மழைக்காலமும் “300 கிராம் போதைக் காளான் பறிமுதல்” என்று எழுதுகிறீர்கள். சட்டம் அளவு வைத்திருப்பது காளானுக்கு அல்ல, அதிலுள்ள சைலோசிபின் என்ற போதை தரும் வேதிப்பொருளுக்கு: 2 கிராமுக்குக் கீழே சிறு அளவு, 50 கிராமுக்கு மேலே வணிக அளவு. பச்சைக் காளானில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். 300 கிராமைக் காயவைத்தால் 30 கிராம் தேறும். அதில் ஒரு சதவீதம் சைலோசிபின் என்றாலும் 0.3 கிராம்தான். முழு எடையையும் கணக்கில் எடுத்தால் குறைந்தது 10 ஆண்டு. சைலோசிபினை மட்டும் எடுத்தால் அதிகபட்சம் ஓராண்டு. கலப்படப் பொருளில் மொத்த எடையையும் சேர்க்க வேண்டும் என்று 2020இல் ஹீரா சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. காளான் இயற்கையாக விளைவது, கலவை அல்ல, அதனால் அந்தத் தீர்ப்பு இதற்குப் பொருந்தாது என்று கேரள உயர் நீதிமன்றம் 2025 ஜனவரியில் ஜாமீன் கொடுத்தது. எனவே ஆய்வக அறிக்கையில் ‘சைலோசிபின் உள்ளது’ என்று மட்டும் இருந்தால் போதாது. எத்தனை கிராம் என்று கேட்டு வாங்க வேண்டும். இதையெல்லாம் எழுத உங்களுக்கு ஒரு பத்தி கூடவா கிடைக்கவில்லை?

கஞ்சாவிலும் இதே கதைதான். சட்டப்படி கஞ்சா என்பது பூக்கும், காய்க்கும் நுனி. தனியாகக் கிடக்கும் இலையும் விதையும் அதில் சேராது. 20 கிலோ எல்லையை ஒட்டிய வழக்கில் சாக்கு எடை, ஈரம், உதிர்ந்த இலை எல்லாம் சேர்ந்தால் இடைப்பட்ட அளவு வணிக அளவாகிவிடும். மாஜிஸ்திரேட் முன்னிலையில் எடுக்கும் மாதிரி 24 கிராம் வீதம் இரண்டு. எடைப் பதிவும் அங்கேதான் சரிபார்க்கப்பட வேண்டும்.

உங்கள் வரியை நம்பி மன்னவனூர், பூம்பாறைப் பெற்றோர், “ஆறு மாசத்துக்கு ஒண்ணும் செய்ய முடியாதாமே” என்று மனுவே போடாமல் இருந்துவிடுகிறார்கள். இல்லையென்றால் நகையை அடகு வைத்து இடைத்தரகர் கையில் கொடுக்கிறார்கள். பட்டா இல்லாத குடும்பத்துக்கு, உத்தரவு வந்த பிறகும் சொத்துச் சான்றோடு இரண்டு ஜாமீன்தாரர் கிடைப்பதே பெரும்பாடு. அதற்குள் பையன் முகம் மட்டும் உங்கள் பக்கத்தில் பெரிதாக வந்துவிடுகிறது. குற்றம் நிரூபணமாகும் முன் படம் போடாதீர்கள் என்று பலமுறை எழுதியாயிற்று.

இனி போதைப்பொருள் கைதுச் செய்தியில் பொருள் எது, சாக்கு நீக்கிய எடை எவ்வளவு, அது சிறு அளவா, இடைப்பட்டதா, வணிக அளவா என்ற மூன்றையும் போடுங்கள். சென்ற வாரத்து வரிக்கு, அது வந்த அதே பக்கத்தில் திருத்தம் வெளியிடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வழக்கறிஞர்,
கொடைக்கானல்.