கஜா புயலில் எங்களோடு நின்றவர்களுக்கு

அன்பு உறவுகளுக்கு வணக்கம்.

ஏழு வருஷம் கழித்து எழுதுகிறேன். புயலுக்குப் பிறகு வைத்த தென்னம்பிள்ளைகள் காய்க்கட்டும், அப்புறம் எழுதலாம் என்று அப்பா சொல்லிவிட்டார். போன வாரம்தான் முதல் குலை இறக்கினோம்.

2018 நவம்பர் 15 ராத்திரி நாங்கள் கதவைச் சாத்தும்போது தோப்பில் நூற்றுச் சொச்சம் மரம் நின்றது. விடிந்து எண்ணினால் பதினொன்று. மற்றதெல்லாம் வேரோடு சாய்ந்தும் நடுவில் முறிந்தும் ஒன்றன்மேல் ஒன்றாகக் கிடந்தன. பட்டுக்கோட்டை, பேராவூரணி பக்கம் எந்த வீட்டில் கேட்டாலும் இதே கதைதான்.

கோவையிலிருந்து வந்த மின்வாரியத் தம்பிகளே, சேற்றில் லாரி இறங்காததால் கம்பத்தைத் தோளில் சுமந்தே வயலைக் கடந்தீர்கள். ராத்திரி பள்ளிக்கூடத் திண்ணையில் படுத்தீர்கள். உங்களில் ஒருவருக்கு உள்ளங்கை முழுக்கக் கம்பி கிழித்த காயம். அம்மா மிச்சமிருந்த தேங்காயெண்ணெயைத் தடவிவிட்டார். ஆறுவதற்குள் அந்தத் தம்பி மறுபடி கம்பத்தில் ஏறிவிட்டார். எங்கள் தெருவில் பல்பு எரிந்தபோது நீங்கள் அடுத்த ஊரில் வேலையாக இருந்தீர்கள். அன்று சொல்ல முடியாத நன்றியை இப்போது சொல்கிறேன்.

சென்னையிலிருந்து அரிசியும் தார்ப்பாயும் கொண்டுவந்த பிள்ளைகளுக்கும் நன்றி. 2015 வெள்ளத்தில் எங்கள் ஊர் அனுப்பிய சாப்பாட்டுப் பொட்டலத்தை நினைவு வைத்திருந்தீர்களே!

ஆனால் அப்பா அதிகம் பேசுவது மரம் அறுக்கும் மெஷினோடு வந்த இளைஞர்களைப் பற்றித்தான். நிவாரண வண்டிகள் நின்றுபோன பிறகு வந்தவர்கள் நீங்கள். விழுந்த மரம் மட்கினால் அதில் காண்டாமிருக வண்டு பெருகும், புதுக் கன்றின் குருத்தைத் துளைக்கும். தோப்பைச் சுத்தம் செய்யாமல் கன்று வைத்துப் பயனில்லை. எங்களிடம் கூலி கொடுக்கக் காசு இல்லை. நீங்களும் கேட்கவில்லை. டீசலுக்காவது வாங்கிக்கொள்ளுங்கள் என்று அப்பா நீட்டிய பணத்தை, "கன்று வாங்குங்க ஐயா" என்று அவர் சட்டைப் பையிலேயே வைத்தீர்கள். அந்தப் பணத்தில் வாங்கிய நாலு கன்றும் கிணற்றடியில் நிற்கின்றன. முதல் குலை அதிலிருந்துதான் இறங்கியது.

இந்தப் பக்கம் வந்தால் வீட்டுக்கு வாருங்கள். அந்த மரத்து இளநீரை உங்களுக்கு வெட்டிக் கொடுக்க வேண்டும் என்று அப்பா காத்திருக்கிறார்.

இப்படிக்கு,
பட்டுக்கோட்டைப் பக்கத்துத் தென்னை விவசாயி மகன்