நான்காவது புகைபோக்கியைக் கழற்றிவிடுங்கள்

மாற்று வரலாற்றையும் காலத்தையும் ஆராயும் நம் கற்பனைக் கழகத்தின் தலைவர் அவர்களுக்கும், பதிப்புக் குழு நண்பர்களுக்கும்,

வணக்கம். தனியாக மூன்று கடிதம் எழுதிப் பார்த்தேன், ஒன்றுக்கும் பதில் இல்லை. காலத்தையே ஆராய்கிற கழகம், உங்களுக்கு அது வேறு கணக்கில் ஓடுகிறதோ என்னவோ. 1752-இல் பிரிட்டனில் நாட்காட்டியை மாற்றியபோது செப்டம்பர் 2 அன்று இரவு படுத்தவர்கள் 14-ஆம் தேதி காலையில் எழுந்தார்கள், நடுவில் 11 நாள் காணாமல் போனது. என் விஷயத்தில் 11 வாரம் போய்விட்டது. அதனால்தான் இப்போது எல்லாரும் பார்க்கும்படி எழுதுகிறேன்.

நம் இதழில் வந்த என் எம்டன் கட்டுரை பற்றித்தான், வேறென்ன.

அதில் நான் மாற்றியது ஒன்றே ஒன்று என்பது உங்களுக்குத் தெரியும். 1914 செப்டம்பர் 22 இரவு எம்டன் என்ற அந்த ஜெர்மன் போர்க்கப்பல் சென்னைத் துறைமுகத்துக்கு எதிரே வந்து நின்று பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகளைச் சுட்டபோது கரையிலிருந்த பீரங்கிகளும் பதிலுக்குச் சுட்டன, ஒன்றும் அதன்மேல் படவில்லை. என் கட்டுரையில் ஒரு குண்டு படுகிறது. அவ்வளவுதான். கப்பல் நொண்டிக்கொண்டே போய்ச் சில நாளில் மாட்டிக்கொள்கிறது. அக்டோபர் 28-இல் பினாங்கில் எம்டன் உண்மையில் மூழ்கடித்த ருஷ்யப் போர்க்கப்பல் ஜெம்சுக் என் கட்டுரையில் மூழ்கவில்லை, நவம்பர் 9-இல் எம்டனை வீழ்த்த கோகோஸ் தீவுகளுக்கு ஆஸ்திரேலியப் போர்க்கப்பல் சிட்னி ஓடி வர வேண்டிய வேலையும் இல்லை. அப்புறம், இதுதான் எனக்கு முக்கியம், நம் ஊரில் யாரும் யாரையும் 'அவன் சரியான எம்டன்' என்று சொல்லப்போவதில்லை. முதல் வாரமே அகப்பட்ட கப்பலின் பெயரைக் கெட்டிக்காரனுக்கு யார் வைப்பார்கள்? ஒரு குண்டு பட்டிருந்தால் தமிழில் ஒரு சொல் இருந்திருக்காது. இதை எழுதத்தான் ஏழு மாதம், இரவு வேலை முடித்து வந்து, காபியைக் குடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

நீங்கள் மாற்றி இதழில் போட்டதோ வேறு. மாலுமிகள் படகில் இறங்கிக் கரைக்கு வருகிறார்கள், விடுதலைப் போராளி செண்பகராமன் பிள்ளை முன்னால் நிற்கிறார், கோட்டையில் கொடி இறங்குகிறது. அவர் எம்டனில் வந்தார் என்ற கதை எங்கள் தாத்தா காலத்திலிருந்தே உலவுகிறது, ஆள் அந்தச் சமயம் ஐரோப்பாவில் இருந்தார். சரி, போகட்டும், கற்பனைக் கழகம்தானே, அதற்கு நான் சண்டைக்கு வரவில்லை. கட்டுரையின் முடிவில் நான் ஒரு கட்டம் போட்டிருந்தேன்: எது நடந்தது, எந்த இடத்தில் நான் மாற்றினேன், அதற்கு மேல் எல்லாம் கற்பனை என்று எட்டு வரி. 'வாசிப்புச் சுவை கெடுகிறது' என்று அதைத் தூக்கிவிட்டீர்கள். சண்டை அதற்குத்தான்.

சுவை கெடாமல் என்ன நடந்தது என்று சொல்கிறேன். என் அக்கா மகள் ஒன்பதாம் வகுப்பு படிக்கிறாள். சென்னை நாளுக்குப் பள்ளியில் பேச்சுப் போட்டி. மாமா எழுதியது அச்சில் வந்திருக்கிறதே என்று நம் இதழை எடுத்து வைத்துக்கொண்டு, பத்து நாள் மொட்டை மாடியில் நின்று பேசிப் பழகியிருக்கிறாள். நான் வேலை நிமித்தம் வெளியூரில் இருந்தேன், ஒரு நாள்கூடக் கேட்கவில்லை. அந்தத் தப்பு என்னுடையது, அதை உங்கள் தலையில் கட்டவில்லை. போட்டியில் மாலுமிகள் கரையில் இறங்கிய இடம் வந்ததும் கைதட்டல்கூட விழுந்ததாம். நடுவராக வந்தவர் ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர், அவர் அதட்டவெல்லாம் இல்லை. "குண்டு விழுந்ததுக்கு ஹைகோர்ட் சுவர்ல கல்லு பதிச்சிருக்காங்கம்மா, ஆளுங்க இறங்கினதுக்கு எங்க இருக்கு?" என்று மட்டும் கேட்டிருக்கிறார். இவள் நம் இதழின் பெயரைச் சொல்லியிருக்கிறாள். பின்வரிசையில் யாரோ சிரித்தார்களாம்.

நான் ஊருக்கு வந்த அன்று பேச்சு எழுதிய தாளைக் கொண்டுவந்து மேசைமேல் வைத்தாள். "மாமா, இது நடக்கவே இல்லையா?" என்றாள். இல்லை என்றேன். "அப்போ அதை அதுலயே போட வேண்டியதுதானே?" என்று கேட்டுவிட்டுப் போய்விட்டாள். அதற்குப் பிறகு வரலாற்றுப் பாடத்தில் சந்தேகம் கேட்டு அவள் என்னிடம் வரவில்லை.

அதைத்தான் நானும் கேட்கிறேன்: அதை அதிலேயே போடுங்கள். ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் 'இது நடக்கவில்லை' என்று ஒரு வரி, கட்டுரை முடிவில் அந்தக் கட்டம். வேறு ஒன்றும் வேண்டாம்.

எம்டனுக்கு உண்மையில் மூன்று புகைபோக்கிதான். பிரிட்டிஷ் கப்பல்போலத் தெரியவேண்டும் என்று பொய்யாக நான்காவது ஒன்றைச் செய்து நிறுத்தியிருந்தார்கள். போர்க்காலத்தில் எதிரியை ஏமாற்றச் செய்தது அது. நீங்கள் என் கட்டுரைமேல் ஒன்று செய்து நிறுத்தி யாரை ஏமாற்றினீர்கள், பதினான்கு வயதுப் பிள்ளையையா? அதே கப்பல் அக்டோபரில் இந்தியப் பெருங்கடலில் உள்ள தியேகோ கார்சியா தீவுக்குப் போனபோது அங்கிருந்தவர்களுக்குப் போர் மூண்டதே தெரியாது, இரண்டு மாதமாகச் சேதி போய்ச் சேரவில்லை. வந்த ஜெர்மன்காரர்களும் வாயைத் திறக்காமல் வேலையைப் பார்த்துக்கொண்டு கிளம்பினார்கள். அந்தத் தீவுக்காரர்களை அறிவில்லாதவர்கள் என்று யாராவது சொல்வார்களா? தெரிந்தவன் சொல்லாவிட்டால் அவர்களுக்கு எப்படித் தெரியும்?

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், கோபித்தாலும் பரவாயில்லை. வரவர நம் கழகத்தில் வருகிற கட்டுரை எல்லாம் 'நாம் ஜெயித்திருந்தால்' என்றே இருக்கிறது. தோற்ற போர் எல்லாவற்றையும் வரிசையாக ஜெயித்து முடித்துவிட்டோம், இனி எதிரி நாட்டுக்காரர்களை வெளியூரிலிருந்துதான் வரவழைக்க வேண்டும். அலெக்சாந்தர் மேற்கே திரும்பி ரோமோடு மோதியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று ரோம வரலாற்றாசிரியர் லிவி 2000 ஆண்டுக்கு முன்பே எழுதினார். எங்கள் ரோமே ஜெயித்திருக்கும் என்றுதான் அவரும் முடித்தார். ஆசை யாரை விட்டது? ஆனால் மோதல் நடக்கவில்லை என்பதை அவர் மறைக்கவில்லை, படிக்கிறவனுக்கு அது கற்பனை என்று தெரியும். அந்த அளவு நேர்மையாவது நமக்கு வேண்டாமா? கூட்டத்துக்குக் கூட்டம் 'காலத்தின் காவலர்கள்' என்று ஒருவருக்கொருவர் சால்வை போட்டுக்கொள்கிறோம், எட்டு வரிக்கு இடம் இல்லை என்கிறோம், சால்வைப் படங்களுக்கு மட்டும் நடுப்பக்கம் முழுக்க...

சரி, விடுங்கள். சண்டை போட எழுத உட்காரவில்லை, கேட்கத்தான் உட்கார்ந்தேன்.

அடுத்த இதழ் அச்சுக்குப் போகும் முன் தயவுசெய்து அந்தக் கட்டத்தைத் 'திருத்தம்' என்று போட்டு வெளியிடுங்கள். இனி வரும் கட்டுரைகளிலும், யார் எழுதினாலும், 'இது நடக்கவில்லை' என்ற வரியைப் போடுங்கள். அந்த இதழின் பிரதி எனக்கு வேண்டாம், அக்கா வீட்டுக்கு, அந்தப் பெண் பெயருக்கே அனுப்பிவிடுங்கள். முகவரி என் முதல் கடிதத்தில் இருக்கிறது. பிரித்துப் பார்த்தால் கிடைக்கும்.

இப்படிக்கு,
மாலுமிகளைக் கரையில் இறக்காத கட்டுரையாளன்