பின்னணி இசைக்கும் நான்கு பக்கம் கொடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். இளையராஜாவைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையை இரண்டு முறை படித்தேன். ராகம், மெட்டு, பாடகர்கள் என எல்லாம் இருந்தன. பின்னணி இசைக்கு மட்டும் ஒரு பத்திகூட இல்லை. அந்த வருத்தத்தில்தான் எழுதுகிறேன்.

எனக்குப் பின்னணி இசையைக் கேட்கப் பழக்கியது வானொலிதான். ஞாயிற்றுக்கிழமை மதியம் ஒலிச்சித்திரம், அதாவது ஒரு திரைப்படத்தின் வசனத்தையும் இசையையும் மட்டும், ஒலிபரப்புவார்கள். அரிவாள்மனையில் கீரை அரிந்துகொண்டே கேட்கும் அம்மா, வசனம் நின்ற இடத்தில், "பாவம், அழுகிறாள்" என்பார். காதில் விழுந்தது ஒரு புல்லாங்குழல் மட்டுமே. பிறகு அந்தப் படத்தைக் கொட்டகையில் பார்த்தேன். அந்த இடத்தில் அவள் அழுதுகொண்டுதான் இருந்தாள்.

அந்த நாட்களின் ரீரெக்கார்டிங், அதாவது படத்துக்குப் பின்னணி இசை சேர்க்கும் வேலை பற்றி இளைய வாசகர்களுக்குச் சொல்ல வேண்டாமா? பத்து நிமிட ரீல் ஒன்றைத் திரையில் ஓடவிட்டு இளையராஜா பார்ப்பார். ஆர்மோனியத்தைத் தொடாமல் நேராகத் தாளில் இசைக்குறிப்பு எழுதுவார். அதை வாத்தியவாரியாகப் பிரதி எடுத்துக் கலைஞர்களிடம் கொடுப்பார்கள். படம் ஓட ஓட எல்லோரும் சேர்ந்து வாசிக்க வேண்டும். ஒருவர் பிசகினாலும் மறுபடி வாசிக்க வேண்டியதுதான். இசை எங்கே நிற்க வேண்டும் என்பதும் அந்தத் தாளிலேயே இருக்கும். இன்றைய படங்கள் பலவற்றில் கதவு திறந்தாலே முரசு அதிர்கிறது. வசனம் காதில் விழுவதில்லை.

2000இல் வந்த 'ஹே ராம்' படத்தில், வேறொருவரின் மெட்டுக்குப் படமாக்கிய பாடல் காட்சிகள் ராஜாவின் கைக்கு வந்தன. நடிகர்களின் உதட்டசைவை இனி மாற்ற முடியாது. அதற்குள்ளேயே புது மெட்டுகளைப் பொருத்தினார். பின்னணி இசையை புடாபெஸ்ட் இசைக்குழுவைக் கொண்டு பதிவு செய்தார்.

'வீடு' வேறு வகை. பாட்டே இல்லாத அந்தப் படத்துக்கு, 'ஹவ் டு நேம் இட்' தொகுப்பில் ஏற்கெனவே இருந்த ராஜாவின் இசையை பாலு மகேந்திரா எடுத்துக்கொண்டார். சொக்கலிங்க பாகவதர் நடித்த தாத்தா, தனியாக பஸ் ஏறி வந்து, பாதி கட்டிய வீட்டின் சுவரைத் தடவிப் பார்ப்பார். படத்துக்கென்று எழுதாத இசை, அந்தக் கிழவரின் உள்ளங்கைக்கென்றே எழுதியதுபோல் இருக்கும். இதில் பாதிப் பெருமை இயக்குநரின் காதுக்கு உரியது.

2009ஆம் ஆண்டுப் படங்களுக்கான தேசிய விருதில் பாடலுக்கும் பின்னணி இசைக்கும் தனித்தனியே பரிசு அளித்தார்கள். பின்னணி இசைக்கான விருது மலையாளப் 'பழசிராஜா'வுக்காக ராஜாவுக்குக் கிடைத்தது. பின்னர் 'தாரை தப்பட்டை'க்கும் அதே பிரிவில் பெற்றார். விருதுக் குழுவினர் கண்ட வேறுபாடு நம் பத்திரிகைகளுக்கு மட்டும் ஏன் தெரியாமல் போகிறது?

அந்த ஒலிப்பதிவுகளில் வயலின் வாசித்தவர்கள், இசைக்குறிப்பைப் பிரதி எடுத்தவர்கள் பலருக்கு இப்போது வயதாகிவிட்டது. அவர்கள் வீட்டுக்கு ஒரு நிருபரை அனுப்புங்கள். எந்தக் காட்சிக்கு எத்தனை முறை வாசித்தார்கள், எங்கே ராஜா வேண்டாம் என்று நிறுத்தினார் என்று கேட்டு எழுதுங்கள்.

அன்புடன்,
நெடுநாள் வாசகர்,
கும்பகோணம்.