இரட்டையரின் எடைக் கணக்கைப் படிக்கும் முறை

அன்பு மகளுக்கு,

நீ அனுப்பிய எடைக் கணக்கைப் பார்த்தேன். பிறந்து 12 வாரத்தில் பெரியவள் 4.3 கிலோ, சின்னவள் 3.9 கிலோ. அதே வாரத்தில் பிறந்த உன் நாத்தனார் மகன் ஆறு கிலோவைத் தாண்டிவிட்டான், ஆளைப் பார்த்துச் சிரிக்கிறான், இவர்கள் மட்டும் ஏன் இப்படி என்று கேட்டிருக்கிறாய். அவன் 40 வாரம் வயிற்றில் இருந்து வந்தவன். இவர்கள் 35 வாரத்திலேயே வந்துவிட்டார்கள். அந்த ஐந்து வாரத்தைக் கழிக்காமல் போடுகிற எந்தக் கணக்கும் தப்பாகத்தான் வரும்.

கழித்துப் பார்த்தால் இவர்களுக்கு இன்று 7 வாரம்தான். திருத்திய வயது என்று மருத்துவர் அட்டையில் எழுதியிருப்பது இதைத்தான். உலக சுகாதார நிறுவனத்தின் பெண் குழந்தை வளர்ச்சி அட்டையை எடுத்து, 12 வாரத்துக்கு நேரே புள்ளி வைத்துப் பார். இருவருமே கடைசிக் கோட்டுக்குக் கீழே விழுவார்கள். 7 வாரத்துக்கு நேரே வைத்தால் இருவரும் கோட்டுக்குள் வந்துவிடுவார்கள். சின்னவள் அடிக்கோட்டை ஒட்டி, பெரியவள் அவளுக்குச் சற்று மேலே. சிரிப்பும் அப்படித்தான். முகம் பார்த்துச் சிரிப்பது ஆறு முதல் எட்டு வாரத்துக்குள் வருவது, இவர்களுக்கு இப்போதுதான் அந்த வேளை. எடை, உயரம், தலைச்சுற்றளவு, குப்புற விழுவது, உட்காருவது எல்லாவற்றையும் இரண்டு வயது வரை திருத்திய வயதில்தான் பார்க்க வேண்டும்.

தடுப்பூசிக்கு மட்டும் இந்தக் கணக்கு கிடையாது. அது பிறந்த தேதிப்படி, முழு அளவில் போட வேண்டியது. "உடம்பு தேறட்டும், அடுத்த மாதம் போடலாம்" என்று யாராவது சொன்னால் காதில் வாங்காதே. முன்கூட்டிப் பிறந்த குழந்தைக்குத்தான் கக்குவான் இருமல் போன்றவை கடுமையாக வரும்.

இப்போது நீ கவனிக்காமல் விட்ட ஒரு நல்ல செய்தி. பிறந்தபோது பெரியவள் 2.3, சின்னவள் 1.9. இரண்டு பேருமே சரியாக 2 கிலோ கூடியிருக்கிறார்கள். இரட்டையருக்குள் எடை வித்தியாசத்தைக் கிலோவில் பார்ப்பதில்லை. வித்தியாசத்தைப் பெரிய குழந்தையின் எடையால் வகுத்து, நூறால் பெருக்கிச் சதவீதமாகப் பார்ப்பார்கள். பிறந்தபோது 0.4-ஐ 2.3-ஆல் வகுத்தால் 17 சதவீதம். இன்று அதே 0.4-ஐ 4.3-ஆல் வகுத்தால் 9 சதவீதம். "இன்னும் நானூறு கிராம் குறைச்சலாகவே இருக்கிறாள்" என்று நீ எழுதியிருக்கிறாய், ஆனால் இடைவெளி பாதியாகிவிட்டது. வயிற்றில் இருக்கும்போது இந்த வித்தியாசம் 20, 25 சதவீதத்தைத் தொட்டால்தான் மருத்துவர்கள் அடிக்கடி ஸ்கேன் எடுத்து ரத்த ஓட்டம் பார்ப்பார்கள்.

இரட்டையர் சிறியவர்களாகப் பிறப்பதற்கு முன்கூட்டிப் பிறப்பது மட்டும் காரணமில்லை. ஏறக்குறைய 28 வாரம் வரை வயிற்றில் ஒற்றைக் குழந்தையும் இரட்டையரும் ஒரே வேகத்தில்தான் வளர்கிறார்கள். அதற்குப் பிறகு இரட்டையரின் வேகம் தளர்கிறது. கருப்பையில் இடமும், நச்சுக்கொடி வழியாக வரும் ஊட்டமும் ஓர் எல்லைக்கு மேல் இருவருக்குப் போதாது. எனவே அதே 35 வாரத்தில் பிறந்த ஒற்றைக் குழந்தையை விடவும் இவர்கள் சற்று எடை குறைவாக இருப்பதும் இயல்புதான். இரட்டையரில் பாதிக்கு மேல் 37 வாரத்துக்கு முன்பே பிறந்துவிடுகிறார்கள்.

இருவருக்கும் முகஜாடை ஒன்றுபோல இல்லை, ஒரே கருவில் வந்தவர்களா என்றும் கேட்டிருந்தாய். உன் முதல் மூன்று மாத ஸ்கேன் அறிக்கையில் இரண்டு நச்சுக்கொடி என்று இருக்கிறது. அதை வைத்து எதையும் முடிவாகச் சொல்ல முடியாது. இரண்டு தனிக் கருவாக உண்டான இருகரு இரட்டையருக்கு எப்போதும் இரண்டு நச்சுக்கொடி இருக்கும். ஒரே கரு பிரிந்து உண்டான இரட்டையரிலும் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கினருக்கு இரண்டு இருக்கும், கரு முதல் சில நாட்களிலேயே பிரிந்துவிட்டால் அப்படி ஆகும். பிரசவத்தின்போது ஒரே நச்சுக்கொடியாகத் தெரிந்தது என்று நர்ஸ் சொன்னதும் சான்று ஆகாது. அருகருகே வளர்ந்த இரண்டு ஒட்டிக்கொள்வது சகஜம். டி.என்.ஏ. சோதனை ஒன்றுதான் திட்டமாகச் சொல்லும். அதற்கு இப்போது அவசரம் ஒன்றுமில்லை.

உண்மையான ஆபத்து ஒரே நச்சுக்கொடியைப் பங்கிடும் இரட்டையருக்குத்தான். அவர்களுடைய ரத்தக் குழாய்கள் நச்சுக்கொடிக்குள் ஒன்றோடொன்று இணைந்திருக்கும். நூற்றுக்குப் பத்து, பதினைந்து பேரில் ஒரு குழந்தையின் ரத்தம் மற்றதற்குத் தொடர்ந்து போய்க்கொண்டே இருக்கும். கொடுக்கிற குழந்தை இளைத்து, அதன் பனிக்குடம் வற்றும். வாங்குகிற குழந்தைக்குப் பனிநீர் பெருகி, இதயம் திணறும். அதனால்தான் அவர்களுக்கு 16 வாரத்திலிருந்து இரண்டு வாரத்துக்கு ஒரு ஸ்கேன். உனக்கு நான்கு வாரத்துக்கு ஒன்று போதும் என்று விட்டார்கள். இனி அதைப் பற்றி நீ யோசிக்க வேண்டியதில்லை.

நீ யோசிக்க வேண்டியது இரும்புச் சத்து. தாயிடமிருந்து குழந்தைக்கு இரும்பு பெரும்பாலும் கடைசி மூன்று மாதத்தில்தான் போய்ச் சேர்கிறது. உன் நாத்தனார் மகன் அந்தச் சேமிப்பை வைத்து நான்கு முதல் ஆறு மாதம் ஓட்டிவிடுவான். இவர்கள் அந்தக் காலத்தின் பின்பகுதியை இழந்தவர்கள், போதாததற்கு வேகமாக வளர்கிறார்கள், ரத்தமும் கூடவே பெருக வேண்டும். அதனால் சொட்டு மருந்து நாளைக்குக் கிலோவுக்கு 2 மில்லிகிராம் இரும்பு என்ற கணக்கில் ஒரு வயது வரை போகும். பெரும்பாலும் தவறு நடப்பது இங்கேதான்: 2 கிலோ இருந்தபோது எழுதிக் கொடுத்த சொட்டையே 4 கிலோ ஆன பிறகும் கொடுத்துக்கொண்டிருப்பார்கள். அப்போது குழந்தைக்குக் கிடைப்பது பாதிதான். நீயாகக் கூட்டாதே, ஒவ்வொரு மருந்துப் புட்டியிலும் அடர்த்தி வேறு. ஒவ்வொரு முறை போகும்போதும் இன்றைய எடையைச் சொல்லி அளவைத் திருத்தி எழுதச் சொல். மலம் கருப்பாகப் போனால் பயப்படாதே. வைட்டமின் டி நாளைக்கு 400 யூனிட், அது எடையைப் பொறுத்து மாறாது.

இரண்டு பேருக்கும் மருந்து கொடுப்பதில் இன்னொரு சிக்கல் உண்டு. அரைத் தூக்கத்தில் ஒருத்திக்கே இரண்டு தடவை போய்விடும். ஆளுக்கொரு நோட்டு, ஆளுக்கொரு நிறத்தில் மணிக்கட்டு நாடா வைத்துக்கொள். கொடுத்த கையோடு எழுதிவிடு, கொடுப்பதற்கு முன்னால் எழுதாதே.

பால் விஷயத்தில் சின்னவள்மீதுதான் கண் இருக்க வேண்டும். முன்கூட்டிப் பிறந்த குழந்தை உறிஞ்சிக் களைத்துத் தூங்கிவிடும். அதை வயிறு நிறைந்த தூக்கம் என்று எடுத்துக்கொள்வதுதான் வழக்கமான ஏமாற்றம். 24 மணி நேரத்தில் எட்டு முதல் பன்னிரண்டு தடவை குடிக்கிறாளா, ஆறு துணியாவது நன்றாக நனைகிறதா என்று எண்ணிப் பார். இருவரையும் ஒரே நேரத்தில், பக்கத்துக்கு ஒருத்தியாக, கால்கள் உன் அக்குளுக்குக் கீழே பின்பக்கம் போகும்படி தலையணைமேல் கிடத்திக் கொடுத்துப் பார். பெரியவள் இழுக்கிற வேகத்தில் இரண்டு பக்கமும் பால் சுரந்து இறங்கும், சின்னவளுக்கு உழைப்பு குறையும். ஆனால் ஒரு பக்கத்தை ஒருத்திக்கே பட்டா போட்டுவிடாதே. தினம் மாற்று, இல்லாவிட்டால் சின்னவள் பக்கம் சுரப்பு குறைந்துவிடும்.

எடையைத் தினமும் பார்க்கிறாய் போலிருக்கிறது, நிறுத்து. ஒரு தடவை குடித்த பாலும் நனைந்த துணியுமே நூறு கிராம் காட்டும். வாரம் ஒரு முறை, அதே தராசில், பால் கொடுப்பதற்கு முன், உடுப்பெல்லாம் கழற்றிவிட்டுப் பார். வார எடையை ஏழால் வகுத்து நாளுக்கு 20 முதல் 30 கிராம் வந்தால் போதும். திருத்திய வயது மூன்று மாதம் தாண்டியதும் இது தானாகவே 15, 20-க்கு இறங்கும், அப்போது பதறாதே. அதற்கு முன்பே ஒரு வாரம் முழுக்க 20-க்குக் கீழே போனால் மருத்துவரிடம் சொல். எடையை ஏற்றுகிறேன் என்று மாவோ சர்க்கரையோ பாலில் கலக்க யாரையும் விடாதே. தேவைக்கு மேல் விரட்டி ஏற்றும் எடை கொழுப்பாகச் சேரும், பின்னாளில் உடல் பருமனில் கொண்டுபோய் விடும்.

நோயில் இரட்டையருக்கும் ஒற்றைக் குழந்தைக்கும் உள்ள வேறுபாடு பெரும்பாலும் நுரையீரலில் தெரியும். முன்கூட்டிப் பிறந்தவர்களின் மூச்சுக்குழல் குறுகலானது, சாதாரணச் சளிகூட மார்பில் இறங்கும். ஒருத்திக்கு வந்தால் இரண்டு மூன்று நாளில் மற்றவளுக்கும் வரும் என்றே வைத்துக்கொள். அமைதியாக இருக்கும்போது முழுதாக ஒரு நிமிடம் மூச்சை எண்ணு. 50-ஐ எட்டினாலோ, விலா எலும்புக்குக் கீழே மார்பு உள்ளே இழுத்தாலோ, பாதிப் பால்கூடக் குடிக்காவிட்டாலோ, அந்த நேரமே மருத்துவமனைக்குப் போ. காய்ச்சல் 38 டிகிரி செல்சியஸ் காட்டினாலும், உடம்பு சில்லிட்டுப்போய்த் துவண்டாலும் அப்படியே.

இருவரையும் ஒரே கட்டிலில் கட்டிப்பிடித்தபடி தூங்க வைத்த படம் அழகாகத்தான் இருக்கிறது. ஆனாலும் வேண்டாம். தனித்தனி இடம், மல்லாக்கப் படுக்கை, தலையணை கூடாது. விழித்திருக்கும்போது குப்புறப் போட்டுப் பழக்கு. இரட்டையருக்குத் தலையின் பின்பக்கம் தட்டையாவது ஒற்றைக் குழந்தைகளை விட அதிகம். வயிற்றிலே ஒடுங்கிக் கிடந்தது ஒன்று, தூக்கி வைக்க ஒரே ஆள் என்பது இன்னொன்று.

பேச்சு சில மாதம் பிந்தலாம். மூளைக் குறை இருந்தால்தான் அப்படி என்று எண்ணாதே. அம்மா இருவருக்கும் சேர்த்துப் பேசிவிடுகிறாள், தனியாகப் பேர் சொல்லிக் கண் பார்த்துப் பேசுவது ஒற்றைக் குழந்தைக்குக் கிடைப்பதில் பாதிகூட இராது. குளிப்பாட்டும் நேரத்தை ஒவ்வொருத்திக்கும் தனியாக வைத்தால் அந்தக் கணக்கு ஓரளவு சரியாகும்.

பெரியவர்களான பிறகும் நோஞ்சானாகவே இருப்பார்களோ என்ற பயத்தை விடு. பெரும்பாலான இரட்டையர் இரண்டு வயதை ஒட்டி எடையிலும் உயரத்திலும் மற்றவர்களுக்கு இணையாகிவிடுகிறார்கள், சிலர் பள்ளி வயதில். டென்மார்க்கில் 1870 முதல் 1900 வரை பிறந்த இரட்டையரின் பதிவேட்டை ஆராய்ந்தபோது, ஆறு வயதைத் தாண்டியவர்களின் இறப்பு விகிதம் மற்ற மக்களோடு ஒத்தே இருந்தது. மூளைவாதம், அதாவது மூளைப் பாதிப்பால் கைகால் அசைவு கெடுவது, இரட்டையருக்கு நான்கைந்து மடங்கு அதிகம் என்று நீ படித்தது உண்மை. அதில் பெரும்பங்கு மிகவும் முன்கூட்டிப் பிறந்தவர்களுடையது, 35 வாரத்துக்கு அந்தக் கணக்கை அப்படியே போடாதே. ஆனால் ஒரு கையை மட்டுமே பயன்படுத்துவது, கால்கள் கத்தரிபோல் விறைப்பது, திருத்திய வயது நான்கு மாதத்திலும் தலை நிற்காதது, இவற்றில் எது தெரிந்தாலும் காத்திருக்காதே.

காது கேட்கும் சோதனை சின்னவளுக்கு முடிந்ததாக அட்டையில் இல்லை. கண் விழித்திரைச் சோதனையும் எழுதப்படவில்லை, 1.9 கிலோவில் பிறந்தவளுக்கு அது தேவைப்பட்டதா, செய்தார்களா என்று கேள். இரண்டையும் இந்த வாரமே கேட்டு, பதிலை அவள் நோட்டில் எழுதி வை. அடுத்த எடை ஞாயிற்றுக்கிழமை பார்த்தால் போதும்.

அன்புடன்,
அப்பா